முரசு சுமந்த பிள்ளைகள்

பாலாறும் பட்டாளமும் – அத்தியாயம் 12

சென்ற அத்தியாயத்தில் ஆம்பூர் மலைக்கோட்டை முற்றுகையைப் பார்த்தோம். 1767 நவம்பரில் மைசூரின் ஹைதர் அலி சூழ்ந்துகொண்ட அந்தக் கோட்டையை, கேப்டன் கால்வெர்ட்டும் கும்பினியின் (கிழக்கிந்தியக் கம்பெனியின்) சிப்பாய்களும் ஏறத்தாழ நான்கு வாரம் விட்டுக்கொடுக்காமல் காத்தார்கள். பின்னாளில் மதராஸ் 10-ஆவது காலாட்படை என்று பெயர்பெற்ற அந்தப் படை, ‘ஆம்பூர்’ என்ற பெயரைத் தன் கொடியில் பொறித்துக்கொள்ளும் உரிமையைப் பெற்றது. கொடியைப் பற்றிப் படை வரலாறுகள் பக்கம் பக்கமாக எழுதியிருக்கின்றன. கொடிக்குப் பக்கத்தில் நின்று முரசடித்தவர்களுக்கு அவற்றில் ஒரு வரிகூடக் கிடைப்பது அரிது. அவர்களில் பலர் மீசை முளைக்காத பிள்ளைகள். இந்த அத்தியாயம் அவர்களுடையது.

முரசின் வேலை

பதினெட்டாம் நூற்றாண்டுப் போர்க்களத்தைக் கண்முன் கொண்டுவந்தால்தான் அந்தப் பிள்ளைகள் செய்த வேலை விளங்கும். அன்றைய துப்பாக்கிகளுக்கும் பீரங்கிகளுக்கும் கறுப்பு வெடிமருந்துதான். நான்கைந்து முறை சுட்டதும் களம் முழுவதும் வெண்புகை மூடிவிடும். பத்தடி தள்ளி நிற்பவன் முகம் தெரியாது. அதிகாரி தொண்டை கிழியக் கத்தினாலும் வரிசையின் கடைசி ஆளுக்குக் கேட்காது. புகையைத் துளைத்துக்கொண்டு போகக்கூடிய ஒரே கட்டளை முரசின் ஒலி.

படை விடியலில் கண்விழிப்பதும், இரவில் கொட்டடிக்குத் திரும்புவதும், அணிவகுப்பதும், நடப்பதும், நிற்பதும், பின்வாங்குவதும் முரசின் சொல்படி. கோட்டைக்குள் இருப்பவர்கள் சமாதானம் பேச விரும்பினால் அதற்கென்று ஒரு அடி உண்டு. வெள்ளைக் கொடி பிடித்த தூதனோடு எதிரி வரிசையை நோக்கி நடந்து போகிறவனும் முரசுக்காரன்தான். இத்தனை அடிகளையும் அவன் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும். குண்டு பறக்கும்போது ஒரு அடியை மாற்றி அடித்தால் முன்னேற வேண்டிய வரிசை பின்வாங்கிவிடும். களத்தில் விழுந்தவர்களைத் தூக்கிக்கொண்டு பின்னால் கொண்டுபோய்ச் சேர்ப்பதும் பெரும்பாலும் வாத்தியக்காரர்களின் பொறுப்பு.

பிரிட்டிஷ் காலாட்படையில் முரசுக்காரனின் உடையும் தனி. படைவீரன் சிவப்புச் சட்டை அணிந்தால், முரசுக்காரன் அந்த ரெஜிமெண்டின் கழுத்துப்பட்டைக்கும் கைப்பட்டைக்கும் உரிய நிறத்தில் சட்டை அணிவான். பின்னால் வேலூரில் நாம் சந்திக்கப்போகும் 69-ஆவது ரெஜிமெண்டின் பட்டை நிறம் பச்சை. ஆகவே அதன் முரசுக்காரன் சிவப்பு வரிசையின் நடுவே பச்சைச் சட்டையில் நிற்பான். தன் அதிகாரி அவனை உடனே அடையாளம் காண வேண்டும் என்பது அந்த ஏற்பாட்டின் நோக்கம். எதிரியின் கண்ணுக்கும் அவன் அதே எளிமையோடு அகப்பட்டான்.

அந்த முரசு மரத்தால் செய்த உருளை. இரண்டு பக்கமும் தோல். சுற்றிலும் கயிறு, கயிற்றை இறுக்கத் தோல் காதுகள், கழுத்தில் மாட்ட அகலமான தோல் வார். மழைக்காலத்தில் தோல் தளர்ந்து ஒலி அடங்கிவிடும். கோடையில் விறைத்துக் கிழியும். பறையைத் தீயில் காட்டி முறுக்கேற்றுவதைப் பார்த்து வளர்ந்த நம் ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வேலூரிலும் ஆம்பூரிலும் வாணியம்பாடியிலும் பேரணாம்பட்டிலும் பெரிய தோல் ஷாப்புகள் வந்தது அடுத்த நூற்றாண்டில். ஆனால் தோலை உரித்து, ஊறவைத்து, முடி நீக்கி, வாத்தியத்துக்குப் போர்த்தத் தெரிந்த கைகள் பாலாற்றங்கரையில் எப்போதும் இருந்திருக்கின்றன.

தமிழ் மண்ணுக்குப் போர்முரசு புதிதல்ல. முரசு கட்டிலில் அறியாமல் உறங்கிவிட்ட மோசிகீரனாரை வெட்டாமல், அருகில் நின்று கவரி வீசினான் சேரமான் தகடூர் எறிந்த பெருஞ்சேரல் இரும்பொறை. புறநானூறு சொல்லும் அந்த நிகழ்ச்சியில் முரசு வழிபாட்டுக்குரிய பொருள், அரசனின் மானம். கும்பினிப் பட்டாளத்தில் முரசு என்பது கட்டளை போகும் வழி மட்டும்தான். அதை அடிப்பவன் படை வரிசையின் அடிமட்டத்தில் இருந்தான்.

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். முரசுக்காரர் எல்லோரும் சிறுவர்கள் என்று ஓவியங்களும் கதைகளும் நம்மை நம்பவைத்திருக்கின்றன. அது சரியில்லை. பலர் முப்பதைத் தாண்டியவர்கள், பல போர் கண்டவர்கள். ஆனால் பத்து, பன்னிரண்டு வயதில் பட்டியலில் பெயர் சேர்க்கப்பட்டவர்கள் ஒவ்வொரு படையிலும் இருந்தார்கள். படைவீரனின் மகன், படைவீரனின் அனாதை, சோற்றுக்கு வேறு வழி இல்லாதவன் என்று அவர்கள் வந்து சேர்ந்தார்கள். பிரிட்டிஷ் படையில் முரசுக்காரனுக்குச் சாதாரண வீரனைவிடச் சற்றுக் கூடுதல் சம்பளம். தகப்பன் செத்த குடும்பத்துக்கு அந்தச் சம்பளமும் ரேஷனும் பெரிய பிடிமானம்.

மதராஸ் படையில் இன்னொரு வழக்கமும் இருந்தது. இங்கே சிப்பாய்கள் குடும்பத்தோடு நகர்ந்தார்கள். ரெஜிமெண்ட் ஊர் மாறினால் மனைவியும் மக்களும் மாட்டுவண்டியில் பின்னால் போவார்கள். சிப்பாய்களின் பிள்ளைகளில் சிலரைச் சிறுவயதிலேயே பட்டியலில் சேர்த்து, படி கொடுத்து, கவாத்துப் பழக்கி வளர்த்தார்கள். இவர்களுக்கு ‘ரெக்ரூட் பையன்கள்’ என்றும் ‘பென்ஷன் பையன்கள்’ என்றும் பெயர். தகப்பன் இறந்த வீட்டுக்கு அது ஆதரவு. படைக்கு அது நாளைய சிப்பாய். ஒரு பிள்ளையின் பசியும் ஒரு படையின் தேவையும் ஒரே கணக்கில் நேரானது இப்படித்தான்.

புள்ளலூரில் பிடிபட்டவர்கள்

1780 ஜூலையில் ஹைதர் அலி கணவாய்களைக் கடந்து ஆற்காட்டுச் சீமைக்குள் இறங்கினார். செப்டம்பர் 10 அன்று காஞ்சிபுரத்துக்கு அருகே புள்ளலூரில் கும்பினியின் கர்னல் பெய்லியின் படையை ஹைதரும் அவர் மகன் திப்புவும் சூழ்ந்து நொறுக்கினார்கள். வெடிமருந்து வண்டிகள் வெடித்துச் சிதறின. இந்தியாவில் அதுவரை ஆங்கிலேயர் கண்டிராத தோல்வி அது. ஸ்ரீரங்கப்பட்டணத்து தரியா தௌலத் மாளிகைச் சுவரில் திப்பு அந்தப் போரை ஓவியமாகத் தீட்டவைத்தார்.

பிழைத்தவர்கள் கைதிகளாக ஹைதரின் முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டு, அங்கிருந்து மைசூர்ச் சீமைக்கு நடத்திச் செல்லப்பட்டார்கள். பின்னாளில் ஸ்ரீரங்கப்பட்டணத்தைத் தாக்கிப் பிடித்த டேவிட் பேர்டும் அந்த வரிசையில் ஒருவர். அதிகாரிகளின் சிறைக்கதைகள் லண்டனில் புத்தகங்களாக வந்தன. அவற்றின் ஓரங்களில் சிறுவர்கள் வருகிறார்கள். முரசுக்காரப் பையன்களும் கப்பல் பையன்களும் மற்றவர்களிடமிருந்து பிரிக்கப்பட்டார்கள். மதம் மாற்றப்பட்டார்கள். புதுப்பெயர் சூட்டப்பட்டார்கள். சிலருக்குப் பாவாடையும் ரவிக்கையும் உடுத்தி, அரசவையில் ஆடப் பழக்கினார்கள். வளர்ந்தவர்களை, மதம் மாற்றப்பட்ட கைதிகளைக் கொண்ட திப்புவின் சேலாப் படைகளில் சேர்த்து, ஐரோப்பியக் கவாத்தைச் சொல்லிக்கொடுக்க வைத்தார்கள்.

ஜேம்ஸ் ஸ்கர்ரி என்ற ஆங்கிலச் சிறுவன் 1782-இல் ‘ஹானிபால்’ கப்பலில் பிரெஞ்சுக்காரரிடம் பிடிபட்டான். பிரெஞ்சுத் தளபதி சுஃப்ரான் அந்தக் கைதிகளைக் கடலூரில் ஹைதரிடம் ஒப்படைத்தார். ஸ்கர்ரி ஏறத்தாழ பத்தாண்டு மைசூரில் இருந்துவிட்டுத் தப்பினான். அவனுடைய சிறைக்கதை 1824-இல் அச்சானது. 1784 மார்ச்சில் மங்களூர் உடன்படிக்கை கையெழுத்தாகி அதிகாரிகளும் வீரர்களும் விடுதலையானபோது, ஸ்கர்ரியைப் போன்ற பையன்கள் திருப்பி அனுப்பப்படவில்லை.

இந்த நூல்கள் திப்புவின் எதிரிகள் எழுதியவை. திப்புவை அரக்கனாகக் காட்டுவதில் கும்பினிக்கு அரசியல் லாபம் இருந்தது. ஆகையால் ஒவ்வொரு விவரத்தையும் எடைபோட்டுத்தான் படிக்க வேண்டும். ஆனால் ஒரு விஷயத்தில் இரு தரப்பும் ஒன்றுபட்டிருந்தன. சிறுவன் என்பவன் களிமண், எந்த அச்சிலும் வார்த்துக்கொள்ளலாம் என்று இருவருமே நம்பினார்கள். கும்பினி அவனைச் சிவப்பு வரிசையில் நிறுத்தி முரசடிக்க வைத்தது. மைசூர் அவனைச் சலங்கை கட்டி ஆட வைத்தது. இரண்டு இடத்திலும் யாரும் அவனுடைய விருப்பத்தைக் கேட்கவில்லை.

எழும்பூர் விடுதி

முரசடிக்கும் பிள்ளைகளைத் தொடர்ந்து கொடுத்துவந்த ஊற்று சென்னையில் இருந்தது. 1787-இல் கும்பினிச் சிப்பாய்களின் பெண் குழந்தைகளுக்கு ஓர் அனாதை விடுதி தொடங்கியது. 1789-இல் ஆண் பிள்ளைகளுக்கு எழும்பூர் சிறுகோட்டையில் ‘ராணுவ ஆண் அனாதை விடுதி’ வந்தது. அங்கே வளர்ந்தவர்களில் பெரும்பாலோர் ஐரோப்பியச் சிப்பாய்க்கும் தமிழ்த் தாய்க்கும் பிறந்தவர்கள். நம் ஊர்ப் பேச்சில் ‘சட்டைக்காரர்’ என்று அழைக்கப்பட்ட சமூகத்தின் முன்னோர்.

அனாதை என்ற பெயருக்குள் தாய் உயிரோடு இருந்த பிள்ளைகளும் அடக்கம். தாயின் செல்வாக்கிலிருந்து பிள்ளையைப் பிரித்து வளர்ப்பது அந்த விடுதியின் வெளிப்படையான நோக்கங்களில் ஒன்று. ஆற்காட்டிலோ வேலூரிலோ வாலாஜாபாத்திலோ படைமுகாமை ஒட்டி வாழ்ந்த ஒரு தாய், கணவன் இறந்ததும் அல்லது கப்பலேறியதும், மகனை எழும்பூருக்கு அனுப்பிவிட்டு, பேசிவந்த மொழியையும் உண்டுவந்த சோற்றையும் அவன் மறப்பதைத் தூரத்திலிருந்து பார்க்க வேண்டியிருந்தது. இந்தத் தொடரில் பல போர்களின் சேதக் கணக்கைப் பார்த்தோம். இந்தப் பிரிவு எந்தச் சேதக் கணக்கிலும் ஏறியதில்லை.

அந்த விடுதியை நடத்தியவர் ஸ்காட்லாந்துப் பாதிரியார் ஆண்ட்ரூ பெல். உதவி ஆசிரியர்கள் சரியாக அமையாத நிலையில், மணலில் விரலால் எழுதிப் படிக்கும் நம் திண்ணைப் பள்ளிப் பிள்ளைகளைப் பார்த்தார். அதே முறையை விடுதியில் புகுத்தினார். ஜான் ஃபிரிஸ்கன் என்ற சிறுவனை அழைத்து, தன்னைவிடச் சிறியவர்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்க வைத்தார். திண்ணைப் பள்ளிச் சட்டாம்பிள்ளை வழக்கம் இப்படி எழும்பூர் வழியாகக் கப்பலேறியது. 1797-இல் பெல் லண்டனில் வெளியிட்ட நூலுக்குப் பிறகு ‘மதராஸ் முறை’ என்ற பெயரில் பிரிட்டன் எங்கும் பரவியது. 1811-ஐ ஒட்டிப் பிரிட்டிஷ் ராணுவம் ரெஜிமெண்ட் பள்ளிகளைத் தொடங்கியபோதும் இதே முறையைத்தான் எடுத்துக்கொண்டது. எழும்பூரில் மணலில் எழுதிய பிள்ளைகள், உலகின் பல பட்டாளப் பிள்ளைகளுக்குப் படிப்பு போய்ச் சேரக் காரணமானார்கள்.

அவர்களுடைய திறமைக்கு இன்னும் சான்று உண்டு. 1794-இல் மைக்கேல் டாப்பிங் சென்னையில் நில அளவைப் பள்ளியைத் தொடங்கியபோது, முதல் மாணவர்களாகச் சேர்ந்த எட்டுப் பேர் இந்த விடுதிப் பையன்கள். அந்தப் பள்ளிதான் வளர்ந்து கிண்டி பொறியியல் கல்லூரி ஆனது. அதே 1794-இல், பிணையாக இருந்த திப்புவின் இரு மகன்களைத் திருப்பிக் கொண்டுபோய்விட்ட தூதுக்குழுவில் விடுதி மாணவன் வில்லியம் ஸ்மித் இருந்தான். திப்புவின் முன்னிலையில் அறிவியல் சோதனைகளைச் செய்து காட்டினான். லாம்டன் பின்னாளில் நடத்திய மாபெரும் முக்கோண அளவைப் பணியில் பெயர்பெற்ற ஜோஷ்வா டி பென்னிங்கும் இந்த விடுதியில் வளர்ந்தவர்தான்.

மூடிய கதவும் திறந்த கதவும்

இத்தனை திறமை உள்ள பிள்ளைகள் ஏன் முரசோடு நிற்க வேண்டியதாயிற்று? காரணம் ஒரு சட்டம்.

1791-இல் கும்பினியின் இயக்குநர்கள் ஒரு முடிவெடுத்தார்கள். இந்தியத் தாய்க்கோ தந்தைக்கோ பிறந்த யாருக்கும் கும்பினியின் சிவில், ராணுவ, கடற்படை உத்தியோகம் கிடையாது. 1795-இல் அது இன்னும் இறுகியது. பெற்றோர் இருவரும் ஐரோப்பியராக இல்லாதவர் படையில் சேர முடியாது. விதிவிலக்கு நான்கே நான்கு வேலைகளுக்கு: சிறுகுழல் ஊதுவது, முரசடிப்பது, பேண்டு வாசிப்பது, குதிரைக்கு லாடம் கட்டுவது.

எழும்பூர் விடுதியில் ஒரு பிள்ளை கணிதத்தில் எவ்வளவு சிறந்தாலும், தகப்பன் கர்னலாகவே இருந்தாலும், தகப்பனுடைய படையில் அவனுக்குத் திறந்திருந்த கதவு இதுதான். நில அளவைக்கும் அச்சகத்துக்கும் கச்சேரி எழுத்து வேலைக்கும் கொஞ்சம் பேர் போனார்கள். மற்றவர்கள் கையில் குழலும் முரசுக்குச்சியும் வந்தன.

கும்பினியின் தொடக்க காலச் சிப்பாய்ப் படைகளில் தம்பட்டமும் எக்காளமும் ஒலித்தன. ஐரோப்பியக் கவாத்து இறுகியபோது டிரம்மும் சிறுகுழலும் அந்த இடத்துக்கு வந்தன. சட்டைக்காரப் பிள்ளைகளும், பின்னர் தமிழ்க் கிறிஸ்தவப் பிள்ளைகளும் அந்த வரிசையை நிரப்பினார்கள். வடக்கே ஸ்காட்லாந்துத் தகப்பனுக்கும் ராஜபுத்திரத் தாய்க்கும் பிறந்த ஜேம்ஸ் ஸ்கின்னர், இந்தச் சட்டத்தால் கும்பினிக் கதவு மூடியதால் மராத்தியரான சிந்தியாவின் படையில் சேர்ந்து தளபதியாக உயர்ந்தார். அப்படி வேறு அரசரிடம் போகும் வசதியோ செல்வாக்கோ எழும்பூர்ப் பிள்ளைக்கு இல்லை.

1830-இல் ஜான் ரிக்கெட்ஸ் இந்தச் சமூகத்தின் மனுவோடு லண்டன் நாடாளுமன்றத்துக்கே போனார். பிறப்பை வைத்து உத்தியோகம் மறுக்கக் கூடாது என்று 1833-ஆம் ஆண்டுப் பட்டயச் சட்டத்தின் 87-ஆவது பிரிவு சொன்னது. அதற்குள் ஒரு முழுத் தலைமுறை முரசு வரிசையிலேயே முதுமை அடைந்திருந்தது.

வேலூர், 1806

இப்போது வேலூர்க் கோட்டைக்குள் போவோம். 1799-இல் திப்பு வீழ்ந்தபின் அவருடைய குடும்பம் இங்கே கொண்டுவந்து வைக்கப்பட்டது. 1792-இல் ஐந்தாறு வயதுப் பிள்ளையாகப் பிணை போன திப்புவின் மகன் மொயிசுத்தீன், இப்போது இளைஞனாக இந்த அரண்மனையில் இருந்தார்.

1805 நவம்பரில் தளபதி ஜான் கிரடாக்கின் ஒப்புதலோடு மதராஸ் படைக்குப் புதுத் தலைப்பாகை வந்தது. அதில் தோலால் செய்த ஒரு குச்சம் இருந்தது. எந்த மிருகத்தின் தோல் என்ற கேள்வி இந்துவையும் முஸ்லிமையும் ஒருசேர உறுத்தியது. காதணி கூடாது, நெற்றிக்குறி கூடாது, தாடியைச் சீர்செய்ய வேண்டும் என்ற கட்டளைகள் அதோடு சேர்ந்தன. இது தலைப்பாகை இல்லை, தொப்பி என்றார்கள் சிப்பாய்கள். சிப்பாய்ப் படைக்குள் தொப்பி இரண்டு பேரின் அடையாளம்: வெள்ளை அதிகாரியும், கிறிஸ்தவ முரசுக்காரனும். இதைத் தலையில் வைத்தால் நாளைக்கு நம்மையும் அந்த வரிசையில் சேர்த்துவிடுவார்கள் என்ற அச்சம் கொட்டடி முழுவதும் பரவியது. சாதியாலும் மதத்தாலும் அந்த வரிசைப் பிள்ளைகளைச் சிப்பாய்கள் தாழ்வாகப் பார்த்தார்கள் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்.

1806 மே மாதம் வேலூரில் இருந்த 4-ஆவது ரெஜிமெண்டின் 2-ஆவது பட்டாலியன் தலைப்பாகையை மறுத்தது. 21 பேர் சென்னைக்கு விசாரணைக்கு அனுப்பப்பட்டார்கள். இருவருக்கு 900 கசையடி, பத்தொன்பது பேருக்கு 500 கசையடி என்று தீர்ப்பானது. பத்தொன்பது பேரும் மன்னிப்புக் கேட்டுத் தப்பினார்கள். இருவருடைய முதுகு தப்பவில்லை.

அன்றைய காலாட்படை வழக்கப்படி கசையைக் கையில் எடுப்பவர்கள் முரசுக்காரர்கள். டிரம் மேஜர் எண்ணிக்கை சொல்ல, ஒருவர் மாற்றி ஒருவராக அடிப்பார்கள். கை ஓங்கி அடிக்காதவனுக்கும் தண்டனை உண்டு. பதினைந்து வயதுப் பிள்ளைக்கு இசை சொல்லிக்கொடுத்த படை, அதே கையில் கசையையும் கொடுத்தது. தன் தகப்பன் வயதுச் சிப்பாயின் முதுகில் அவன் அதை வீச வேண்டும். பிறகு அதே சிப்பாய்களோடு ஒரே முகாமில் உண்டு உறங்க வேண்டும். சிப்பாய்க்கு அவன் வெள்ளைக்காரனின் ஆள். வெள்ளைக்காரனுக்கு அவன் கறுப்பன். இந்தத் தனிமையை அவன் தேர்ந்தெடுக்கவில்லை. 1795-ஆம் ஆண்டுக் கட்டளை அவனை அங்கே கொண்டுபோய் நிறுத்தியது.

ஜூலை 10, விடியலுக்கு முன். கோட்டைக்குள் 1-ஆவது, 23-ஆவது சிப்பாய் ரெஜிமெண்டுகளின் படைகளும், 69-ஆவது பிரிட்டிஷ் ரெஜிமெண்டின் நான்கு கம்பெனிகளும் இருந்தன. சிப்பாய்கள் வெள்ளையர் கொட்டடியைச் சுற்றி வளைத்து ஜன்னல் வழியே சுட்டார்கள். கோட்டைத் தளபதி கர்னல் ஃபான்கோர்ட் சுடப்பட்டு இறந்தார். அவருடைய மனைவி குழந்தைகளோடு ஒளிந்து உயிர்தப்பினார். அன்று கண்டதைப் பின்னர் எழுதியும் வைத்தார். கொடிமரத்தில் திப்புவின் கொடி ஏறியது. எஞ்சிய வெள்ளை வீரர்கள் சார்ஜெண்ட் பிரேடியோடும் இரண்டு மருத்துவர்களோடும் மதிலின் மேல் ஒதுங்கினார்கள். ஆற்காட்டிலிருந்து 19-ஆவது குதிரைப்படையின் ஒரு சிறு பிரிவோடு விரைந்து வந்த அதன் தளபதி கில்லஸ்பியைக் கயிறு விட்டு மதில்மேல் ஏற்றினார்கள். பிறகு பீரங்கிகள் வந்தன, வாயில் உடைந்தது, குதிரைப்படை உள்ளே பாய்ந்தது. நண்பகலுக்குள் நூற்றுக்கணக்கான சிப்பாய்கள் வெட்டியும் சுட்டும் கொல்லப்பட்டார்கள். 69-ஆவது ரெஜிமெண்டில் நூற்றுக்கு மேற்பட்டோர் இறந்திருந்தார்கள்.

விசாரணை முடிந்து ஆறு பேர் பீரங்கி வாயில் கட்டிச் சிதறடிக்கப்பட்டார்கள். ஐந்து பேர் சுடப்பட்டார்கள். எட்டுப் பேர் தூக்கிலிடப்பட்டார்கள். தலைப்பாகை உத்தரவு ஜூலை மாதத்திலேயே திரும்பப் பெறப்பட்டது. ஆளுநர் பெண்டிங்கும் தளபதி கிரடாக்கும் திருப்பி அழைக்கப்பட்டார்கள். 1-ஆவது, 23-ஆவது ரெஜிமெண்டுகளின் எண்கள் படைப்பட்டியலிலிருந்து நீக்கப்பட்டன. ரெஜிமெண்ட் கலைந்தால் அதன் முரசு வரிசையும் கலையும்.

அக்காலப் போர்ச் சேத அட்டவணைகளில் அதிகாரிகள், சார்ஜெண்டுகள், முரசுக்காரர்கள், வீரர்கள் என்று தனித்தனிப் பத்திகள் இருக்கும். அதிகாரிகளுக்குப் பெயர் உண்டு. முரசுக்காரர் பத்தியில் வெறும் எண். அந்த எண்ணில் பதின்மூன்று வயதும் நாற்பது வயதும் ஒன்றுதான். வேலூர் எழுச்சியில் உயிர்கொடுத்த சிப்பாய்களுக்கு இன்று மக்கான் சந்திப்பில் நினைவுத் தூண் நிற்கிறது. அது நியாயமானது, மிகத் தாமதமாக வந்தது. பிரிட்டிஷ் தரப்பில் இறந்தவர்களுக்கும் வேலூரில் கல்லறைகள் உண்டு. இரண்டு நினைவிலும் சேராமல் நடுவே நின்றவன் முரசுக்காரப் பையன்.

மற்ற நாடுகளின் பிள்ளைகள்

1857 நவம்பர் 28 அன்று கான்பூரில் 64-ஆவது ரெஜிமெண்டின் முரசுக்காரன் தாமஸ் ஃபிளின் காயத்தோடு எதிரிப் பீரங்கிகளுக்குள் புகுந்து இரண்டு பீரங்கிக்காரர்களோடு கைகலந்தான். வயது 15. அயர்லாந்தில் பிறந்த அவனுக்கு விக்டோரியா சிலுவை கிடைத்தது. 1892-இல் அவன் இறந்தது அயர்லாந்தின் ஏழைகள் விடுதி ஒன்றில். பதக்கம் கொடுத்த நாடு அவனுக்கு ஒரு வாழ்க்கையைக் கொடுக்கவில்லை.

அமெரிக்க உள்நாட்டுப் போரில் ஜானி கிளெம் பத்து வயதுக்குள்ளாகவே படையோடு ஒட்டிக்கொண்டு முரசுக்காரன் ஆனான். பெரியவனாகி ஜெனரல் பதவியில் ஓய்வுபெற்றான். விக்ஸ்பர்க்கில் குண்டுமழைக்கு நடுவே தோட்டா கேட்டு ஓடிய ஓரியன் ஹோவுக்கு 14 வயது. அவனுக்கும் நாட்டின் உயரிய பதக்கம் கிடைத்தது. பிரான்சில் ஆர்கோல் பாலத்தில் முரசடித்த ஆந்த்ரே எஸ்தியெனின் புகழ் சிலையாக நிற்கிறது. 1879 ஜனவரியில் தென்னாப்பிரிக்காவின் இசாண்ட்ல்வானாவில் ஜூலு வீரர்கள் பிரிட்டிஷ் படையை அழித்தபோது இறந்தவர்களில் பையன்களும் இருந்தார்கள். பிள்ளைகளைக் களத்துக்குக் கொண்டுபோவது சரியா என்ற கேள்வி பிரிட்டனில் அதன்பின் வலுத்தது.

இவர்களைப் பற்றிப் பாட்டுண்டு, ஓவியமுண்டு, சிலையுண்டு. அந்தப் புகழ்ச்சியே ஒரு தீங்கையும் செய்தது. பீரங்கிக்கு முன்னால் பிள்ளையை நிறுத்திய பெரியவர்களின் குற்றம் அதில் மறைந்துபோனது. பிள்ளையின் துணிவைப் பாராட்டுவது எளிது. அவனை அங்கே அனுப்பியது யார் என்று கேட்டால் பதில் சொல்ல வேண்டியவர்கள் பலர்.

யார் படைவீரன்?

இன்றைய உலகம் இந்தக் கேள்விக்குத் தெளிவான பதில் வைத்திருக்கிறது. 2007-ஆம் ஆண்டின் பாரிஸ் கோட்பாடுகள், 18 வயதுக்குட்பட்ட ஒருவரை ஒரு படை எந்த வேலைக்குப் பயன்படுத்தினாலும், சமையலுக்கோ சுமை தூக்கவோ செய்தி கொண்டுபோகவோ என்றாலும், அவரைப் படையோடு பிணைக்கப்பட்ட குழந்தை என்றே கொள்கின்றன. கையில் துப்பாக்கி இருந்ததா என்பது அளவுகோல் அல்ல. அந்த அளவுகோலில் வைத்துப் பார்த்தால் எழும்பூரிலிருந்து வந்த பையனும் புள்ளலூரில் பிடிபட்ட பையனும் குழந்தைப் போராளிகளே. 18 வயது நிறையாதவரைப் போரில் நேரடியாக ஈடுபடுத்தக் கூடாது என்ற ஐ.நா.வின் விருப்ப உடன்பாட்டை இந்தியா 2005-இல் ஏற்றது.

தமிழராகிய நமக்கு இது பழங்கதை மட்டும் இல்லை. கடலுக்கு அப்பால் ஈழப் போரில் எத்தனையோ தாய்மார் பிள்ளைகளைப் படைக்குப் பறிகொடுத்தார்கள். 2003-இல் யூனிசெப் அந்தப் பிள்ளைகளை மீட்பதற்காகவே தனித் திட்டம் வகுக்க வேண்டியிருந்தது. லட்சியம் எவ்வளவு உயர்ந்ததாக இருந்தாலும் பிள்ளையை அதற்கு விலையாகக் கொடுக்கக் கூடாது என்பதை நாம் நம் வீட்டு இழப்பில் கற்றோம்.

வேலூர் மாவட்டம் இன்றும் பட்டாள மண். கணியம்பாடி அருகே கம்மவான்பேட்டையில் ராணுவத்துக்கு ஆள் அனுப்பாத வீட்டைக் காண்பது அரிது. அவர்கள் வயது வந்தபின், தாமே விரும்பி, ஓட்டப் பந்தயத்திலும் தேர்விலும் வென்று போகிறார்கள். அந்த இளைஞனுக்கும் 1806-இன் முரசுக்காரப் பையனுக்கும் உள்ள தூரம் மூன்று விஷயங்களால் ஆனது: வயது, விருப்பம், பிறப்பைப் பார்க்காத வாசல். இந்த மூன்றில் எதுவும் யாரும் நமக்குச் சும்மா கொடுத்ததில்லை. மனு எழுதியவர்களும், மறுத்து நின்றவர்களும், பிள்ளையைத் திருப்பிக் கேட்ட தாய்மாரும் சேர்ந்து பெற்றுத் தந்தது. ஆகவே பாலாற்றங்கரையின் போர்களை எழுதும்போது தளபதியின் பெயரோடும் சிப்பாயின் தியாகத்தோடும் நிறுத்திக்கொள்வது பாதி வரலாறுதான். முரசு சுமந்த பிள்ளைக்கும் அதில் இடம் கொடுத்தால்தான் கணக்கு நேராகும்.

அடுத்த அத்தியாயத்தில் நூறாண்டு தாண்டுகிறோம். முதல் உலகப் போர். ஆவாரம்பட்டையில் பதனிட்ட நம் பகுதித் தோலைப் பிரிட்டிஷ் போர்த்துறை மொத்தமாக வாங்கி ராணுவ பூட்ஸ் ஆக்கிய கதை. ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை ஷாப்புகளுக்கு அந்தப் போர் என்ன கொடுத்தது, அங்கே வேலை செய்தவர்களிடமிருந்து என்ன எடுத்துக்கொண்டது என்று பார்ப்போம்.

(தொடரும்)